சின்னப் பொய்யில் தொடங்கும் 35 நிமிட நாடகம்: பாதியில் சிரிப்பு நின்றுவிடுகிறது, கோளாறு எங்கே?

காத்ர்போர்ன்_குழு:

வணக்கம், மொரீஷியஸிலிருந்து. காவடி முடிந்து இரண்டு வாரத்தில் ஒரு குடும்ப விழாவில் 35 நிமிட நகைச்சுவை நாடகம் போடுகிறோம். ஆறு பேர், ஒரே வரவேற்பறை. கதை இது:

பத்து நாள் காவடி விரதத்துக்குக் கோயிலில் கொடியேறி மூன்றாம் நாள். ஞாயிற்றுக்கிழமை ஃபிளிக் ஆன் ஃபிளாக் கடற்கரையில் பிக்னிக் என்று மச்சான் போன் போடுகிறான். கணவனுக்கும் மனைவிக்கும் வீட்டில் காலை நீட்டிக் கிடக்க ஆசை. "நாங்க காவடி விரதம் மச்சான், பிரியாணி எல்லாம் தொட முடியாது" என்று சொல்லித் தப்பிக்கிறார்கள். அந்த நேரம் அடுப்பில் கருவாட்டு ருகாய் (தக்காளிக் குழம்பு) கொதிக்கிறது. மச்சான் போய்த் தன் அம்மாவிடம் சொல்ல, பெரியத்தை பூரித்துப்போய்ப் பையும் கையுமாக வந்து இறங்குகிறாள். அடுத்து பக்கத்து வீட்டு தாந்தின் (கிரெயோலில் ஆன்ட்டி), அடுத்து கோயில் பொறுப்பாளர்.

ஒத்திகையில் முதல் 12 நிமிடம் நன்றாகப் போகிறது. அதற்குமேல் பொய்கள் பெரிதாகப் பெரிதாகச் சிரிப்பு குறைகிறது. பார்த்தவர்கள் எல்லோரும் கேட்பது ஒன்றே: "உண்மையைச் சொல்லிட்டுப் போக வேண்டியதுதானே?" ஆளுக்கொன்றாகப் புரிந்துகொண்டு பேசும் காட்சியும் எடுபடவில்லை. போதாக்குறைக்கு மண்டபத்து மேடைக்கு வலப்பக்கம் ஒரே வழிதான். காவடியை வைத்துச் சிரிக்கலாமா என்று பெரியவர்கள் சிலர் முகம் சுளிக்கிறார்கள். எதிலிருந்து திருத்தத் தொடங்குவது?

---

மேடைமூலை:

முதல் ஐந்து நிமிடத்திலிருந்து. சிரிப்பு நிற்பது 12இல்; ஓட்டை விழுந்தது அங்கே.

நீங்கள் பொய்யை ஊதிப் பெரிதாக்கிக்கொண்டே போகிறீர்கள். ஏற வேண்டியது உண்மையின் விலை. "ஏன் சொல்லவில்லை" என்ற கேள்விக்கு ஒவ்வொரு கட்டத்திலும் புதுப் பதில் இருக்க வேண்டும், முந்தையதைவிடக் கொஞ்சம் கனமாக. உங்கள் கதையிலேயே ஏணி இருக்கிறது:

3ஆம் நிமிடம் உண்மையைச் சொன்னால் மச்சான் ஒரு வாரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வான், அவ்வளவுதான். 8இல் பெரியத்தை காலையிலிருந்து நின்று சமைத்த பூசணிக் கறி, பலாக்காய்க் கறி, ரசத்தோடு வாசலில் நிற்கிறாள். இப்போது சொன்னால் அவள் உழைப்பு வீண். 14இல் கணவனின் பெயர் காவடி எடுப்போர் பட்டியலில் ஏறியாகிவிட்டது. 20இல் மாமர விவகாரத்தில் இரண்டு வருஷம் வாசல்படி மிதிக்காதிருந்த தாந்தின், "விரதக்காரங்க வீட்டோட எனக்கென்ன சண்டை" என்று ஒரு கூடை பழத்தோடு சமாதானத்துக்கு வருகிறாள். இனி உண்மை வெளியே வந்தால் மாமரச் சண்டையும் திரும்பி வரும்.

கவனியுங்கள், மாட்டிவைப்பவர்கள் எல்லோருமே நல்லவர்கள். கெட்டவன் ஒருவன் மிரட்டி மாட்டிவைத்தால் பார்ப்பவருக்குக் கோபம்தான் வரும். அன்பால் கழுத்தை நெரிக்கும்போதுதான் சிரிப்பு. பெரியத்தையை ஒரு இடத்திலும் கேலிப்பாத்திரம் ஆக்காதீர்கள். சந்தேகப்படும் அத்தையாக எழுதினால் நாடகம் துப்பறியும் கதையாகிவிடும்.

அடுத்து, கணவனும் மனைவியும் பொய்யில் ஒத்துப்போகட்டும், விவரத்தில் வேண்டாம். "எதுக்குப்பா வேண்டுதல்?" என்று பெரியத்தை இருவரையும் தனித்தனியாகக் கேட்கட்டும். அவன் "அவ முழங்கால் வலி" என்கிறான். அவள் "அவர் வேலை விஷயம்" என்கிறாள். இரண்டும் தாந்தின் காதுக்குப் போகும்போது "முழங்கால் போய் அவன் வேலையும் போச்சாம்" என்று ஆகியிருக்கும். ஊர்ப்பேச்சு எதையும் புதிதாகக் கண்டுபிடிப்பதில்லை. கிடைத்த இரண்டு துண்டை ஒட்டித் தைக்கும். எனவே வதந்தி ஒவ்வொன்றுக்கும் முன்னால் அதன் துண்டுகள் மேடையில் பேசப்பட்டிருக்க வேண்டும்.

இதைக் கையாள ஒரு ஏ3 தாள் எடுங்கள். இடப்பக்கம் ஆறு பாத்திரம், மேலே காட்சி எண். கட்டத்துக்குள் அந்த ஆள் அந்த நேரம் எதை நம்புகிறார் என்று ஒரே வரி. ஏழாவது வரிசை பார்வையாளருக்கு. ஒரு காட்சியில் எல்லோர் கட்டத்திலும் ஒரே வரி வந்தால் அங்கே தவறிப் புரிந்துகொள்ள ஒன்றுமில்லை, வெட்டலாம். பார்வையாளர் கட்டம் காலியாக இருந்தால் இன்னும் மோசம்: என்ன நடக்கிறது என்று யோசிப்பவர் சிரிக்க மாட்டார். உங்கள் 12ஆம் நிமிடத்தில் இந்த இரண்டில் ஒன்றுதான் இருக்கும்.

---

சொல்வண்டி:

ஆளுக்கொன்றாகப் புரிந்துகொள்ளும் பேச்சைப் பற்றி மட்டும் சொல்கிறேன். இதற்குத் தமிழைப்போல வசதியான மொழி கிடையாது. எழுவாய் இல்லாமலே பேசலாம்: "வந்துடுச்சா?" "இன்னும் எத்தனை நாள்?" "யார்கிட்டயும் சொல்லல." எது வந்தது, எதற்கு எத்தனை நாள் என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. "இது", "அது" என்று போட்டு நீங்கள் மறைக்க முயன்றால்தான் செயற்கையாகத் தெரியும்.

உங்கள் கதைக்குத் தங்கமான சொல் ஒன்று இருக்கிறது: விசேஷம். திருவிழாவும் விசேஷம், பெண் பிள்ளையுண்டாகியிருப்பதும் விசேஷம்.

தாந்தின்: உங்க வீட்டுல விசேஷம்னு கேள்விப்பட்டேன்!
மனைவி: ஆமா தாந்தின்... திடீர்னு முடிவு பண்ணினோம்.
தாந்தின்: நாம என்ன முடிவு பண்றது, எல்லாம் அவன் கொடுக்கிறது. எத்தனை நாளாச்சு?
மனைவி: மூணு நாள்.
தாந்தின்: மூணு நாள்லயே தெரிஞ்சுடுச்சா!
மனைவி: அத்தை ஊரெல்லாம் சொல்லிட்டாங்களே.
தாந்தின்: வயிறு எப்படி இருக்கு?
மனைவி: நிறைஞ்சு போச்சு. அத்தை கறி மேல கறியா கொண்டாந்து வைக்கிறாங்க.
தாந்தின்: சாப்பிடணும்மா, இனிமே நீ ரெண்டு பேருக்குச் சாப்பிடணும்.
மனைவி: அதான் நடக்குது. அவர் தொடாம வைக்கிறதையும் நான்தான் சாப்பிடறேன்.

இப்படி எட்டிலிருந்து பன்னிரண்டு வரிக்குள் முடியுங்கள். எழுதியதும் இரண்டு முறை உரக்கப் படிக்க வேண்டும்: முதல் முறை விரதம் என்று நினைத்துக்கொண்டு, அடுத்த முறை குழந்தை என்று நினைத்துக்கொண்டு. எந்த வரி ஒரு பொருளில் மட்டும் இடறுகிறதோ அங்கே எழுதியவன் கை தெரிகிறது, மாற்றுங்கள். முடிக்கும்போது விளக்கிவிடாதீர்கள். யாராவது உள்ளே வந்து பேச்சை அறுக்கட்டும், இருவரும் அவரவர் நம்பிக்கையோடு கலைந்து போகட்டும். தெளிந்துவிட்டால் அந்தச் சிரிப்பு அங்கேயே செத்தது; தெளியாவிட்டால் பெரியத்தை காது வரை போகும்.

ஒரு சிக்கல் இருக்கிறது. மண்டபத்தில் பாதிப் பேர் வீட்டில் கிரெயோல் பேசுபவர்கள். விசேஷத்தின் இரண்டாம் பொருள் இளசுகளுக்குத் தெரியாமல் போகலாம். நாலாம் நிமிடத்திலேயே பெரியத்தை போனில் யாரையோ பற்றி, "அவளுக்கு விசேஷமாம், அஞ்சாவது மாசம், வயிறு நல்லாத் தெரியுது" என்று போகிறபோக்கில் சொல்லட்டும். அதற்கு யாரும் சிரிக்க வேண்டாம். 15ஆம் நிமிடத்தில் அது வேலை செய்யும். மற்ற இடங்களில் கிரெயோல் கலப்பது நல்லதுதான், மச்சான் பேச்சு முழுவதுமே அப்படி இருக்கலாம். இந்த ஒரு காட்சியை மட்டும் தமிழில் வையுங்கள், "ஆயோ" தவிர. அது இரண்டு பக்கத்துக்கும் சொந்தம்.

---

திரைக்குப்பின்:

ஒரே வழி என்பது குறையில்லை, மூன்றாகப் பிரித்துக்கொள்ளலாம்.

வலப்பக்க வழியில் வாசல் கதவு. இரண்டு மீட்டர் உயரம், 80 சென்டிமீட்டர் அகலத்தில் மரச்சட்டம், பின்னால் முக்கோணத் தாங்குகட்டை, அதன் அடிச்சட்டத்தின் மேல் பத்துக் கிலோ அரிசி மூட்டை இரண்டு. மூட்டை இல்லாமல் கதவை அடித்துச் சாத்தினால் மூன்றாவது காட்சியில் செட் ஆடும், மக்கள் கதையை விட்டுச் சட்டம் எப்போது விழும் என்று பார்த்துக்கொண்டிருப்பார்கள். கதவு மேடைக்கு வெளிப்பக்கமாகத் திறக்கட்டும், கீல் பார்வையாளருக்குத் தூரமான ஓரத்தில். அப்போதுதான் உள்ளே வருபவரின் முகம் கதவால் மறையாது. இடப்பக்கம் ஒரு மறைப்பும் தொங்குதிரையும் போட்டால் சமையலறை. பின்திரைக்கும் சுவருக்கும் நடுவே ஆள் நடக்க 60 சென்டிமீட்டர் விட்டால் சமையலறைக்குள் போனவர் சுற்றி வந்து வாசலில் மணி அடிக்கலாம். நடுவில் ஒரு ஜன்னல். தாந்தின் அந்த ஜன்னல் வழியாக மட்டும் பேசட்டும். அவள் உள்ளே வராததே ஒரு வேடிக்கையாகிவிடும். மாமரச் சமாதானத்துக்கு முதன்முறையாக வாசல் வழியாக வரும்போது அதற்கு ஒரு கனமும் வரும்.

கருவாட்டு வாசனை மேடையில் யாருக்கும் எட்டாது. அதை மூடிதான் காட்ட வேண்டும். நல்ல ஓசை வரும் அலுமினியப் பானை மூடி. நாடகம் முழுவதும் மூன்று முறை திறந்தால் போதும், நாலாவது முறை சலிக்கும். முதல் முறை தம்பதி மட்டும் இருக்கும்போது, அது ருகாய் என்று பார்வையாளருக்குத் தெரிவதற்கு. இரண்டாவது பெரியத்தை பக்கத்தறையில் இருக்கும்போது. மூன்றாவது எப்போது, யார் என்பதுதான் உங்கள் முடிவு. உண்மைக் கருவாடு மண்டபத்துக்குள் வரவே கூடாது. கோயிலைச் சேர்ந்த மண்டபமாக இருந்தால் பேச்சுக்கே இடமில்லை. காலிப் பானை போதும், நடிப்பவர் மூக்கு மீதியைப் பார்த்துக்கொள்ளும். ஜன்னலில் பூனை வைக்கலாமா என்று யாராவது கேட்பார்கள். வேண்டாம், எல்லோரும் பூனையைத்தான் வைப்பார்கள்.

வாசனையை மறைக்க சாம்பிராணி போடட்டும். புகையைப் பார்த்துத் தாந்தின் "பூஜை ஆரம்பிச்சுட்டாங்க" என்று அக்கம்பக்கத்தைக் கூப்பிடட்டும். ஒன்றை மறைக்கச் செய்ததே அடுத்த ஆளைக் கூட்டி வருகிறது. உங்கள் காட்சிகளுக்கு நடுவே "அப்புறம்" வருகிறதா "அதனால" வருகிறதா என்று சொல்லிப் பாருங்கள். "அப்புறம்" வரும் இடத்தில் கதை அறுந்திருக்கிறது. மேடைக்கு ஒரு சிட்டிகை சாம்பிராணி, ஒரே முறை. மூடிய மண்டபத்தில் அதற்குமேல் போட்டால் முன்வரிசைக் குழந்தைகள் இருமலில் வசனம் போய்விடும், புகைமணி இருந்தால் அதுவும் அடிக்கும்.

நேரக்கணக்கு: 35 நிமிடம் ஓட வேண்டுமானால் ஒத்திகையில் 30இல் முடிய வேண்டும். மீதி சிரிப்புக்கும் கதவுக்கும். சிரிப்பு ஏறும்போது பேசக் கூடாது, உச்சம் தாண்டி இறங்கத் தொடங்கும்போது அடுத்த வரி. முழுதாக அடங்கும்வரை காத்திருந்தால் சூடு ஆறிவிடும்.

---

கிளாஸ்த்ருவா:

இதைப் பத்து நாள் கதையாக இழுக்காதீர்கள், ஒரே நாளுக்குள் அடைத்துவிடுங்கள். தைப்பூசம் வருவது ஜனவரி, பிப்ரவரியில், நடுப் புயல் காலம். சனிக்கிழமை சாயங்காலம் ரேடியோவில் முதலாம் வகுப்புப் புயல் எச்சரிக்கை. அது 120 கிலோமீட்டர் வேகக் காற்று வர வாய்ப்பிருக்கும் நேரத்துக்கு 36 முதல் 48 மணி நேரம் முன்னால் வருவது, யாரும் சட்டை செய்ய மாட்டார்கள். ஞாயிறு காலை இரண்டாம் வகுப்பு. பிக்னிக் ரத்து. இப்போது மச்சான் என்ன செய்வான்? பிரியாணி அண்டாவைத் தூக்கிக்கொண்டு இவர்கள் வீட்டுக்கே வருவான். பிக்னிக்குக்குப் போகாமலிருக்கச் சொன்ன பொய், பிக்னிக்கையே வீட்டுக்குள் கொண்டுவந்து விடுகிறது. மத்தியானம் மூன்றாம் வகுப்பு: பஸ் கிடையாது, கடை கிடையாது, யாரும் வெளியேற முடியாது. விரதக்காரர்கள், பிரியாணி, பெரியத்தை, ருகாய் எல்லாம் ஒரே கூரையின் கீழ்.

"ஏன் எழுந்து போகவில்லை", "ஏன் ஒரு போன் போட்டுக் கேட்கவில்லை" என்ற இரண்டு கேள்வியையும் புயலே அடைத்துவிடும். மின்சாரம் போனதும் வைஃபையும் போகும். அதற்கு முன் ஒரே ஒரு வாட்ஸ்அப் வேலை வைத்துக்கொள்ளலாம்: மனைவி "கருவாட்டை எங்கே ஒளிச்சீங்க" என்று கணவனுக்கு அனுப்ப நினைத்ததைக் குடும்பக் குழுவில் போட்டுவிட்டு அழிக்கிறாள். "இந்தச் செய்தி அழிக்கப்பட்டது" என்ற வரியை ஆறு பேரும் ஆறு விதமாகப் படிப்பார்கள்.

ஓசைக்கு ஒரு மீட்டர் தகரத் தகடு, ஒரு ஓரத்தைத் தொங்கவிட்டு மறு ஓரத்தை ஆட்டினால் இடி. இருட்டுக் காட்சியில் விளக்கை முழுதாக அணைக்காதீர்கள். நடிகருக்குத் தெரியாததுபோல் இருக்க வேண்டும், பார்வையாளருக்கு யார் கை எந்தத் தட்டில் என்று தெரிய வேண்டும்.

---

மேடைமூலை:

அண்டாவோடு மச்சான் வருவது அருமை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பத்து நாள் கணக்கை விட்டுவிட்டால் கதைக்குக் கெடு இல்லாமல் போகும். புயல் விடிந்தால் ஓய்ந்துவிடும், அவர்களும் தப்பித்துவிடுவார்கள். மேடையில் நடப்பது ஒரு நாளாக இருக்கட்டும், சுவரில் காலண்டர் தொங்கட்டும். பெரியத்தை வந்ததும் பத்தாம் நாளைச் சிவப்பில் வட்டமிடுகிறாள். அதற்குப் பிறகு அந்தக் காலண்டரைப் பற்றி யாரும் பேச வேண்டியதே இல்லை.

---

கோயில்வாசல்:

பெரியவர்கள் முகம் சுளிப்பதில் நியாயம் இருக்கிறது, ஆனால் தடுக்கும் அளவுக்கு இல்லை. யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பது மேடையில் தெளிவாக இருந்தால் போதும். இருப்பது விரதம் என்று பொய் சொன்ன இரண்டு பேர். சிரிப்பு அவர்கள் மேல். நிஜமாக விரதம் இருக்கும் பெரியத்தைதான் மேடையிலேயே மரியாதையான ஆள்.

சில எல்லைகள் வைத்துக்கொள்ளுங்கள். அலகு குத்துவதை நடித்துக் காட்ட வேண்டாம், நாக்கு, கன்னம், வேல் எதுவும் வேண்டாம். பால்செம்பு மேடைக்கு வரலாம், காலியாக. பால் திரிந்துவிட்டதாக ஒரு நகைச்சுவை எழுதியிருந்தால் எடுத்துவிடுங்கள், அதுதான் மனதைப் புண்படுத்தும். காவடி தேவைப்பட்டால் பூவும் மயிலிறகும் இல்லாத வெறும் வளைவுச் சட்டம், அதுவும் புதிதாகச் செய்தது. கோயிலில் இருந்து இரவல் கேட்காதீர்கள். கோயில் பொறுப்பாளரைக் கோமாளியாக்காமல், ஏகப்பட்ட வேலைக்கு நடுவே பட்டியலைச் சரிபார்க்க ஓடிவந்த மனிதராக வைத்தால் அவருக்கே சிரிப்பு தானாக வரும். கணவனின் பயத்துக்கு அவர் கேட்கும் ஒரு கேள்வி போதும்: "உயரம் எவ்வளவு தம்பி? தோள் அளவு வேணும்."

இன்னொன்று: உண்மை ஒப்புக்கொள்ளும் இடத்தைக் கடைசியில் வைத்திருக்கிறீர்கள் போலிருக்கிறது. 26ஆம் நிமிடத்துக்கு இழுத்து வாருங்கள். "அத்தை, நாங்க விரதமே இல்ல, எல்லாம் பொய்" என்று கணவன் உடைத்துச் சொல்லட்டும். அவள் நம்பக் கூடாது. "விரதம் இருக்கிறதைச் சொல்லிக்கக் கூடாதுன்னு பாக்கிறே. உங்க தாத்தா மாதிரியே." அதுவரை பொய்யை அவ்வளவு நன்றாகக் கட்டியதற்கு அதுதான் கூலி.

---

காத்ர்போர்ன்_குழு:

எல்லோருக்கும் நன்றி. தாள் போட்டுப் பார்த்தோம். 12ஆம் நிமிடத்தில் பெரியத்தை, தாந்தின், பொறுப்பாளர் மூவர் கட்டத்திலும் ஒரே வரிதான் இருந்தது. தாந்தின் கட்டத்தில் "குழந்தை" என்று மாற்றிவிட்டோம். புயலையும் எடுத்துக்கொள்கிறோம், காலண்டரோடு. பால் நகைச்சுவை ஒன்று இருந்தது, எடுத்துவிட்டோம்.

ஒன்று மட்டும் பாக்கி. மூன்றாவது முறை மூடியைத் திறப்பது யார்? பெரியத்தை திறந்தால் அவள் மனம் உடைவதுபோல் ஆகிறது, அதற்குப் பிறகு சிரிக்க முடியவில்லை.

---

திரைக்குப்பின்:

மச்சான் திறக்கட்டும், பெரியத்தை முதுகு திரும்பியிருக்கும்போது. அவனுக்கு எல்லாம் புரிகிறது. ஒரு விநாடி கணவனைப் பார்க்கிறான், மூடியை ஓசையில்லாமல் வைக்கிறான். அதுவரை ஓசையோடு திறந்த மூடி இது என்பதை மறக்காதீர்கள். பிறகு பிரியாணி அண்டாவின் மேல் பானையையும் தூக்கி வைத்துக்கொண்டு சமையலறைக்குள் போகிறான்: "விரதக்காரங்க கண்ணுல இதெல்லாம் படக் கூடாது மாமி." உள்ளேயிருந்து அவன் சாப்பிடும் சத்தம். வெளியே தம்பதி முன்னால் வாழையிலை, அதன் மேல் ஏழு கறி, பக்கத்தில் பெரியத்தை.

---

சொல்வண்டி:

அவள் அவனுக்கு மாமி இல்லை, அம்மா. வசனத்தைத் திருத்துங்கள். மற்றபடி அங்கேயே விளக்கை அணைத்துவிடலாம்.